பதினெட்டாம் மலை, பதினோரு மாதப் பாக்கி

கார்த்திகை 4, வியாழன்

வாய்தா நாள். மழையில் பஸ் ஊர்ந்துதான் வந்தது. கேஸைக் கூப்பிட்டுவிட்டார்களோ என்று சேலைக் கரையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு கோர்ட் வாசலுக்கு ஓடினேன். கூப்பிடவில்லை. மத்தியானம் வரை நின்ற பிறகுதான் முறை வந்தது.

எனக்கும் மகள் ரஞ்சனிக்குமாக மாதம் ஆறாயிரம் ஜீவனாம்சம் என்று இதே கோர்ட்தான் உத்தரவு போட்டது. அவள் அப்பா இரண்டு மாதம் கட்டினார். பிறகு பதினோரு மாதமாகக் கட்டவில்லை. பிடிவாரண்ட் போட்டும் நாளாகிறது. இன்று போலீஸ் ரிப்போர்ட்டை வாசித்தார்கள். எதிர்மனுதாரர் குற்றாலநாதன் தலைமறைவு, விசாரித்தும் இருப்பிடம் தெரியவில்லை என்று இருந்தது. இலவச சட்ட உதவியில் எனக்குக் கிடைத்த வக்கீல் பெனிட்டா எழுந்து, கடைத்தெருவில் டைல்ஸ் கடை வைத்திருப்பவர் எப்படித் தலைமறைவாவார் என்று கேட்டார். கடை அவருடைய தங்கை புருஷன் பேரில் இருக்கிறது என்று பதில் வந்தது. இருப்பிடம் மனுதாரருக்குத் தெரிந்தால் ஸ்டேஷனில் போய்ச் சொல்லட்டும் என்று நீதிபதி இரண்டு வாரம் தள்ளிவைத்தார்.

வெளியே வந்ததும் பெனிட்டா என்னை ஏற இறங்கப் பார்த்தார். "அக்கா, ஜீவனாம்சம் கேக்க வாறப்ப பட்டுச் சேலை கட்டிட்டு வராதீங்க. எதிர்த்தரப்பு வக்கீல் அதையே பிடிச்சுக்குவாரு." அவசரத்தில் கைக்கு வந்ததைக் கட்டினேன் என்று சொன்னேன்.

ரஞ்சனியின் அப்பா வரவில்லை. வருவார் என்று நான் நினைக்கவும் இல்லை.

பஸ் 64. ஜெராக்ஸ் 10. உண்டியல் 1.

கார்த்திகை 5, வெள்ளி

அம்மனுக்கு விளக்கு. இட்லி மாவு பாக்கெட் பன்னிரண்டு விற்றது. மூன்று புளித்துவிட்டது, எனக்கே ஆச்சு.

கார்த்திகை 10, புதன்

ஸ்டேஷனுக்குப் போய் வந்தேன். அது அவர் இருக்கும் ஊர். இங்கிருந்து பஸ்ஸில் ஒரு மணி நேரம். அவர் போனதிலிருந்து அந்த ஊரில் நான் இறங்கியதே இல்லை. நாலு வருஷத்தில் ரோட்டை அகலப்படுத்தியிருக்கிறார்கள்.

ஸ்டேஷனுக்கு எதிரே டீக்கடை. டீக்கடைக்கு மேலே ஆள் உயரத்துக்கு ஒரு ஃப்ளெக்ஸ். 'பதினெட்டாம் ஆண்டு மலை யாத்திரை' என்று பெரிய எழுத்து. நடுவில் ஐயப்பன், பக்கத்தில் கைகூப்பிக்கொண்டு இவர். இருமுடி கட்டும் நாள் மார்கழி ஐந்து, இடம் பிள்ளையார் கோயில், அதன் பிறகு முந்நூறு பேருக்கு அன்னதானம், அனைவரும் வருக. கீழே கடை விலாசமும் போன் நம்பரும்.

அந்த ஃப்ளெக்ஸுக்கு அடியில் நின்றுதான் ஏட்டு சுடலைமுத்து டீ குடித்துக்கொண்டிருந்தார். நம் வாரண்ட் அவர் கையில்தான் இருக்கிறதாம். அவரும் கறுப்பு வேட்டி, கழுத்தில் மாலை, செருப்பில்லாத கால். நான் யாரென்று சொன்னதும், "வாங்க தாயி, டீ குடிக்கியளா?" என்றார். விரதம் என்றேன்.

தலைமறைவு என்று எழுதியிருக்கிறீர்களே என்று மேலே கையைக் காட்டினேன். அண்ணாந்து நிதானமாகப் பார்த்தார்.

"அது போன வருசத்துப் போட்டோ தாயி. இப்ப தாடி வளந்திருக்கும்."

டீக்கடைக்காரர் சிரித்துவிட்டார். எனக்கும் சிரிப்பு வந்ததுதான் வெட்கம். ஏட்டு என்னைத் தனியே கூப்பிட்டு மெதுவாகச் சொன்னார். "கெட்ட மனுசன்னு நெனைக்காதிய. மாலை போட்ட சாமி மேல இன்னொரு மாலை போட்ட சாமி எப்படிக் கை வைக்கது? மலைக்குப் போயிட்டு வந்து மாலையைக் கழத்தட்டும். நானே கூட்டிட்டு வாறேன்."

மாலை போடுவதற்கு முன்னால் அத்தனை மாதம் ஏன் பிடிக்கவில்லை என்று பஸ் ஏறிய பிறகுதான் கேட்கத் தோன்றியது. ஆனால் அவர் சொன்னதில் ஒரு நியாயம் இருக்கிறது. மாலை போட்டவரை நானும் பேர் சொல்லிப் பேசியது கிடையாது.

படத்தில் கன்னம் ஒட்டிப்போயிருக்கிறது. யார் சமைக்கிறார்களோ.

ஃப்ளெக்ஸைப் போனில் படம் எடுத்து பெனிட்டாவுக்கு அனுப்பினேன். அதை அழிக்காமல் வைத்திருக்கிறேன், கேஸுக்கு வேண்டும்.

கார்த்திகை 17, புதன்

தீபம். இருபத்தேழு விளக்கு வைத்தேன். எண்ணெய் விலை ஏறிவிட்டதால் வாசலில் மட்டும். காற்று ஒவ்வொன்றாக அணைத்தது, நான் ஒவ்வொன்றாக ஏற்றினேன். பேச ஆளில்லாத வீட்டில் அதுவும் ஒரு வேலைதான்.

கார்த்திகை 18, வியாழன்

இன்று கோர்ட்டில் நடந்ததை விவரமாக எழுதி வைக்க வேண்டும்.

பெனிட்டா ஃப்ளெக்ஸ் படத்தைப் பெரிதாகப் பிரிண்ட் எடுத்துக் கொடுத்தார். நீதிபதிக்கு ஜலதோஷம், மூக்கைத் துடைத்துக்கொண்டே படித்தார். முகவரி தெரியாத ஆள் அன்னதானத்துக்கு ஊரையே அழைத்திருக்கிறாரே, ஸ்டேஷனுக்கு மட்டும் அழைப்பு வரவில்லையா என்று இன்ஸ்பெக்டரைக் கேட்டார். இன்ஸ்பெக்டர் விரதம், பக்தர்களின் மனம், சட்டம் ஒழுங்கு என்று ஏதேதோ சொன்னார்.

"எனக்கும் பக்தி உண்டு. இந்தச் சட்டத்துல மாலைக்கு விலக்கு எந்தப் பிரிவுல இருக்குன்னு காட்டுங்க, நானும் தெரிஞ்சுக்கறேன்."

நீதிபதி அதோடு விடவில்லை. முந்நூறு பேருக்குச் சோறு போடுகிறவர் பெண்டாட்டி பிள்ளைக்கு முதலில் போடட்டும் என்றார். மார்கழி ஐந்தாம் தேதி அந்தக் கோயிலிலேயே வாரண்டை நிறைவேற்ற வேண்டும், மனுதாரர் நேரில் வந்து ஆளை அடையாளம் காட்ட வேண்டும், இனி வாரா வாரம் ஸ்டேஷன் கோர்ட்டுக்கு ரிப்போர்ட் தர வேண்டும், தராவிட்டால் இன்ஸ்பெக்டர் நேரில் நிற்க வேண்டும் என்று உத்தரவு. அடுத்த வாய்தா மார்கழி 21.

பெனிட்டா என் கையைப் பிடித்துக் குலுக்கினார். இவ்வளவு கறாரான உத்தரவை இந்தக் கோர்ட்டில் அவர் பார்த்ததில்லையாம். எனக்குச் சந்தோஷம்தான். சாமி காரியத்தில் போய் நிற்க வேண்டுமே என்பது மட்டும்தான் உறுத்துகிறது.

கார்த்திகை 23, செவ்வாய்

ரஞ்சனி போன் பண்ணினாள். பாலிடெக்னிக் ஹாஸ்டல் பாக்கி பதினெட்டாயிரம். பொங்கலுக்குள் கட்டாவிட்டால் பரீட்சை எழுத முடியாதாம். வார்டன் எல்லார் முன்னாலும் அவள் பேரை வாசித்தாராம்.

கோயிலுக்குப் போக வேண்டியதைச் சொன்னேன். "போயி கையக் காட்டும்மா. அவ்வளவுதான உன் வேல. அங்க போயி அவருக்கு ஒடம்பு எப்படி இருக்குன்னு பாத்துட்டு நிக்காத" என்றாள். பதினேழு வயசுக்கு நாக்கு நீளம்.

மார்கழி 1, செவ்வாய்

விடியற்காலையில் கோலம். பக்கத்து வீட்டில் இரண்டு மருமகள்கள் சேர்ந்து போட்டார்கள், பேச்சும் சிரிப்பும். என் கோலம் சின்னதுதான், சீக்கிரம் முடிந்தது.

இவர் மாலை போட்ட பதினாலு வருஷமும் இந்த மாதத்தில் குளித்து ஈரத் தலையோடுதான் அடுப்பு மூட்டுவேன். வெங்காயம், பூண்டு வீட்டுக்குள் வராது. தூரமான நாட்களில் பின்கட்டுக்கு ஒதுங்கிவிடுவேன், நாத்தனார் வந்து சமைப்பாள். அவர் மலை ஏறும் நாளில் அவர் திரும்புகிற வரைக்கும் வாசல் விளக்கு அணையாமல் பார்ப்பேன். பதினெட்டு மலையில் பதினாலு இந்த அடுப்பில் வெந்தது. இதைக் கோர்ட்டில் எந்தக் கணக்கில் எழுதுவது?

மார்கழி 5, சனி

போய்விட்டு வந்துவிட்டேன்.

கோயிலில் கால் வைக்க இடமில்லை. சரண கோஷம் காதை அடைத்தது. கன்னிச்சாமிகள் ஒரு பக்கம், மற்றவர்கள் ஒரு பக்கம். நடுவில் பதினெட்டாம் மலைக்காரராக இவர், பக்கத்தில் மலைக்குக் கொண்டுபோகும் தென்னங்கன்று. தாடி நிறைய நரைத்திருக்கிறது. இடது கண்ணுக்குக் கீழே புதிதாக ஒரு மரு. கறுப்பு வேட்டியை யாரோ வெயிலில் உலர்த்தி வெளிறவிட்டிருக்கிறார்கள். இவரோடு இப்போது இருக்கிறவள் தூணோரம் பட்டுச் சேலையில் நின்றாள். முன்னால் வரவில்லை.

ஏட்டு வாசலில் கையில் காகிதத்தோடு. நான் அவரை நோக்கித்தான் போனேன். அதற்குள் முடி கட்டிக்கொண்டிருந்த குருசாமி என்னைப் பார்த்துவிட்டார். முதல் மலையிலிருந்து எங்கள் வீட்டுக்கு வந்து முடி கட்டியவர் அவர், வயதாகிவிட்டது, காதும் சரியில்லை. நாலு வருஷக் கதை எதுவும் அவர் காதுக்குப் போகவில்லை போலிருக்கிறது.

"வீட்டம்மா வந்தாச்சு. வழி விடுங்க, அரிசி போடட்டும்."

எல்லோரும் வழி விட்டார்கள். முடியில் வீட்டுக்காரி மூன்று கை அரிசி போட வேண்டும். அத்தனை பேர் பார்க்க, சாமி காரியத்தில், நான் போட மாட்டேன் என்று எப்படிச் சொல்வது? குனிந்து போட்டேன். இவர் நிமிர்ந்து ஒரு தடவை பார்த்தார், முடியின் வாயை என் பக்கம் கொஞ்சம் சாய்த்துப் பிடித்தார். மூன்றாவது கையில் ஓர் அரிசிகூடக் கீழே சிந்தவில்லை. யாரோ போனில் படம் எடுத்தார்கள்.

பிறகு ஏட்டு வந்தார். "இதுல குற்றாலநாதன் யாரு தாயி? நீங்க காட்டுனா கூட்டிட்டுப் போறேன். காட்டலன்னா காட்டலன்னு எழுதிக்கிடுதேன்." அவருக்கும் தெரியும். வாசலில் இவரைப் பார்த்து அவர் சரணம் சொன்னதை நான் பார்த்தேன்.

கூட்டத்தில் சரியாகத் தெரியவில்லை என்று சொன்னேன். அப்படியே எழுதி என்னிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டார்.

பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டதால் சாப்பிடாமல் வந்துவிட்டேன். பஸ் 64.

மார்கழி 6, ஞாயிறு

எழுத ஒன்றுமில்லை. ரஞ்சனி மூன்று தடவை கூப்பிட்டாள். எடுக்கவில்லை.

மார்கழி 9, புதன்

பெனிட்டா போனில் கூப்பிட்டார். குரலே சரியில்லை. இவர் மலையிலிருந்து வந்ததும் வக்கீல் வைத்து மனுப் போட்டிருக்கிறாராம். நானும் அவரும் சமாதானமாகிச் சேர்ந்து வாழ்கிறோமாம், அதனால் ஜீவனாம்ச உத்தரவையும் வாரண்டையும் ரத்து செய்ய வேண்டுமாம். ஆதாரத்துக்கு நான் அரிசி போடும் படம். கூடவே ஆளைத் தெரியவில்லை என்று நான் கையெழுத்துப் போட்ட காகிதம்.

"ஏங்க்கா போட்டீங்க?" என்று கேட்டார். திட்டியிருந்தால் பரவாயில்லை. நான் சொல்லத் தொடங்கி நிறுத்திவிட்டேன். பெனிட்டா வேதக்காரப் பெண், சர்ச்சுக்குப் போகிறவர். முடியில் அரிசி போட வீட்டம்மாவைக் கூப்பிட்டால் மறுக்க முடியாது என்பதை எந்த இடத்திலிருந்து விளக்குவது? அந்த இடத்தில் என்னை வீட்டம்மா என்று கூப்பிட்டதைத்தான் எப்படிச் சொல்வது?

படத்தின் நகலை வாட்ஸப்பில் அனுப்பியிருக்கிறார். என் முகம் நன்றாக விழுந்திருக்கிறது.

மார்கழி 12, சனி

நாத்தனார் பேச்சியம்மாள் வந்தாள். நாலு வருஷத்தில் முதல் தடவை. சீப்பு வாழைப்பழம், அரவணைப் பாயசம் ஒரு டப்பா. அண்ணன் மனசு மாறிவிட்டான் என்றாள். கோர்ட்டில் ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதுமாம். கடைக்கு மேலே மாடி அறை காலியாக இருக்கிறது, ஜன்னல் உண்டு, தனி அடுப்பு வைத்துக்கொள்ளலாம்.

அவள் எங்கே இருப்பாள் என்று கேட்டேன். "அவ கீழ இருந்துக்கிடுவா மதினி. ஒங்களுக்கு என்ன? பொட்டச்சி தனியா எத்தன நாளைக்கு மாவு வித்துட்டுக் கெடப்பிய? சாகும்போது வாயில தண்ணி ஊத்த ஆளு வேண்டாமா?"

ரஞ்சனியின் ஹாஸ்டல் பணம் பற்றிக் கேட்டேன். அதெல்லாம் அப்புறம் பேசலாம் என்றாள்.

காப்பி கொடுத்து அனுப்பினேன்.

மத்தியானம் பரணிலிருந்து பெரிய அண்டாவை இறக்கிப் புளி போட்டுத் தேய்த்தேன். குத்துவிளக்கு இரண்டையும் தேய்த்தேன். சும்மா கிடந்து கறுத்துப்போயிருந்தது, அதனால்தான்.

மார்கழி 16, புதன்

ரஞ்சனியிடம் விஷயத்தைச் சொன்னேன். கத்துவாள் என்று நினைத்தேன். கத்தவில்லை.

"நீ அங்க போகணும்னா போம்மா. நெசமாத்தான் சொல்லுதேன். ஆனா என் ஃபீஸுக்காகப் போறேன்னும், எனக்காகத்தான் போறேன்னும் சொல்லாத. உனக்கு வேணும்னா போ."

வைத்துவிட்டாள். அதற்கு மேல் ஒரு மணி நேரம் போனைக் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தேன்.

மார்கழி 20, ஞாயிறு

நாளை வாய்தா. பருத்திச் சேலை இஸ்திரி போட்டு வைத்தாயிற்று. பட்டையும் எடுத்தேன், திரும்ப மடித்து வைத்துவிட்டேன்.

மார்கழி 21, திங்கள்

இவர் வந்திருந்தார். மலைக்குப் போய்வந்து தாடி எடுத்து, வெள்ளைச் சட்டை. நெஞ்சுப் பொத்தான் வரை திறந்த கழுத்து. மாலை இல்லை. எனக்கு இரண்டு ஆள் தள்ளி நின்றார். "உலகு" என்று மெதுவாகக் கூப்பிட்டார். என்னை அப்படிக் கூப்பிட உலகத்தில் வேறு யாரும் இல்லை. "ஒரு வார்த்தை. ஆமான்னு சொல்லிரு."

கூப்பிட்டார்கள். அவருடைய வக்கீல் நன்றாகப் பேசினார். பிரிந்த குடும்பம் ஐயப்பன் சன்னிதியில் ஒன்று சேர்ந்தது, வீட்டுக்காரி தன் கையால் அரிசி போட்டு வழியனுப்பினார், போலீசாரிடம்கூடக் காட்டிக்கொடுக்க மனம் வரவில்லை என்றார். கேட்கக் கேட்க எனக்கே அது நடந்ததுபோலத் தோன்றியது. பெனிட்டா எழுந்தார். நீதிபதி கையமர்த்தி, என்னையே கேட்பதாகச் சொன்னார்.

படத்தைக் காட்டி இது நீங்களா என்று கேட்டார். நான்தான் என்றேன். யாராவது கட்டாயப்படுத்தினார்களா? இல்லை. அப்படியானால் சேர்ந்து வாழ்கிறீர்களா?

இவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். மாடி அறையின் ஜன்னல் எந்தப் பக்கம் பார்த்து இருக்கும் என்று அந்த நேரத்தில் யோசித்தேன். நீதிபதி இரண்டாம் தடவை கேட்டார்.

"அரிசி போட்டது சாமிக்கு ஐயா. அதுக்கப்புறம் அன்னதானத்துல நானும் ஒக்காந்தேன். பதினெட்டாம் மலைக்காரர் தன் கையாலயே சோறு போடணும்னு மொறை. அவுகதான் வாளியத் தூக்கிட்டு வந்தாக. எனக்கு முந்தின எலைக்குப் போட்டாக. என் எலையத் தாண்டி அடுத்த எலைக்குப் போட்டாக. திரும்பி வருவாகன்னு பந்தி முடியற வரைக்கும் வெறும் எலை முன்னால இருந்தேன். சேந்து வாழலை ஐயா."

இதை நான் யாரிடமும் சொன்னதில்லை. இதில்கூட எழுதவில்லை.

கோர்ட்டில் யாரோ இருமினார்கள். அன்றைக்கு ஆளை ஏன் காட்டவில்லை என்று நீதிபதி கேட்டார். கழுத்தில் மாலை இருந்தது என்றேன். இன்றைக்கு என்று கேட்டார்.

வலது கையை நீட்டிக் காட்டினேன். "இவுகதான்."

ரத்து மனு தள்ளுபடி. சாயந்திரத்துக்குள் பாக்கியில் பாதி, மீதி இரண்டு தவணை, கட்டாவிட்டால் ஜெயில் என்று உத்தரவு. ஏட்டு சுடலைமுத்து, அவர் கழுத்திலும் இப்போது மாலை இல்லை, வந்து இவர் தோளில் கை வைத்தார். தங்கை புருஷன் ஓடிப்போய் நாலு மணிக்குள் முப்பத்து மூவாயிரம் கொண்டுவந்து கட்டினார். இவர் என்னைத் தாண்டித்தான் வெளியே போனார். கூப்பிடவில்லை.

மார்கழி 24, வியாழன்

ஹாஸ்டல் பாக்கி 18,000 கட்டியாயிற்று. ரசீதை ரஞ்சனி படம் எடுத்து அனுப்பினாள். கீழே ஒரு முத்தம். வீட்டு வாடகை இரண்டு மாதம் 5,000. அரிசி, பருப்பு 1,140. அம்மனுக்கு மாலை 50.

தை 6, செவ்வாய்

பெனிட்டா கூப்பிட்டார். மாதா மாதம் பணம் நேராக என் பேங்க் கணக்கில் ஏற வேண்டும் என்று உத்தரவாகிவிட்டதாம். ஏறுகிறதா என்று கோர்ட் ஆபீஸே மூன்று மாதத்துக்கு ஒரு தடவை சரிபார்க்கும். "இனிமே நீங்க அலைய வேண்டாம்க்கா. வாய்தாவே கிடையாது."

ரொம்ப நன்றி என்று சொன்னேன். எதற்காவது கையெழுத்துப் போட வர வேண்டியிருக்குமா என்று கேட்டேன். ஒன்றுக்கும் வேண்டாம் என்றார். அவருக்கு அவ்வளவு சந்தோஷம்.

தை 22, வியாழன்

மாதப் பணம் ஆறாயிரமும் முதல் தவணையும் ஏறிவிட்டதாகக் காலையில் போனில் மெசேஜ் வந்தது. குளித்து, சாமி கும்பிட்டு, பாஸ்புக்கை எடுத்துக்கொண்டு பேங்குக்குப் போனேன். வரிசை வாசல் வரைக்கும் இருந்தது. காவலுக்கு நின்றவர் வந்து, பாஸ்புக் போட வெளியே மெஷின் இருக்கிறதே அம்மா, அங்கே ஆளே இல்லை, ஒரு நிமிஷத்தில் நீங்களே போட்டுக்கொள்ளலாம் என்றார்.

சரி என்றேன். எனக்கு முன்னால் நின்ற அம்மாள் மகளுக்கு வரன் பார்ப்பதைப் பற்றிப் பேசத் தொடங்கியிருந்தாள். வரிசையிலேயே நின்றேன்.